ஐந்து லாரி காகிதம்

1957-இல், மலாயாவுக்கு விடுதலை நாள் குறித்தாகிவிட்ட பிறகு, கோலாலம்பூரிலிருந்து ஐந்து லாரிகள் தெற்கே கிளம்பின. லாரிகளில் இருந்தது கோப்புகள். அடுத்து ஆட்சிக்கு வருகிறவர்கள் கையில் போகக்கூடாது என்று பிரிட்டிஷ் அதிகாரிகள் பிரித்தெடுத்து வைத்தவை. உள்ளூரிலேயே கொளுத்தினால் புகை தெரியும், பேச்சு கிளம்பும், போகிற நேரத்தில் மனக்கசப்பு எதற்கு என்று நினைத்திருக்கிறார்கள். அதனால் சிங்கப்பூருக்குக் கொண்டுவந்து, இங்கே கடற்படை வைத்திருந்த எரிகூடத்தில் சத்தமில்லாமல் முடித்தார்கள். அந்த எரிகூடம் எவ்வளவு பிரமாதமானது என்று ஒரு அதிகாரி குறிப்பில் பாராட்டு வேறு.

இந்தக் குறிப்பு வெளியே வந்தது 2012 ஏப்ரலில். நான் படித்தது அதற்குப் பல வருஷம் கழித்து, ஈசூனிலிருந்து நகரத்துக்குப் போகும் எம்ஆர்டியில் நின்றுகொண்டு. படித்ததும் முதலில் தோன்றியது, 'கடற்படைன்னா இங்கதானே?' என்பதுதான். ராயல் நேவியின் பெரிய தளம் இருந்தது செம்பவாங்கில். எங்கள் புளோக்கிலிருந்து பேருந்து ஏறினால் பதினைந்து நிமிஷம். ஈசூனில் பங்குனி உத்திரத்துக்குக் கூட்டம் சேரும் பாலசுப்பிரமணியர் கோயிலே ஒருகாலத்தில் கென்பரா சாலைப் பக்கம், கடற்படைத் தளத் தொழிலாளர்கள் கும்பிட்ட கோயில்தான். எங்கள் பக்கத்துத் தமிழர், மலையாளிகள் பலரின் குடும்பக் கதை 'நேவல் பேஸ்ல வேலை' என்றுதான் ஆரம்பிக்கும். அந்தக் கடற்படையின் அடுப்பில்தான் எங்கள் சரித்திரத்தில் ஒரு பகுதி எரிந்தது என்பதை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

கோப்புகளை எரிப்பது மலாயாவில் மட்டும் நடந்த வேலை இல்லை. 1961-இல் காலனித் துறை அமைச்சராக இருந்த இயன் மெக்லவுட் இதற்கு எழுத்துப்பூர்வமாகவே வழிகாட்டுதல் அனுப்பினார். அரசியின் அரசாங்கத்துக்குச் சங்கடம் தரக்கூடியவை, போலீஸ், ராணுவம், அதிகாரிகள், உளவு சொன்னவர்கள் ஆகியோரைச் சங்கடத்தில் மாட்டிவிடக்கூடியவை எதுவும் புதிய அரசுகளிடம் போகக்கூடாது. கோப்புகளை இரண்டு இனமாகப் பிரிக்க வேண்டும்: விட்டுச்செல்லத் தக்கவை, மறைக்கத் தக்கவை. சில காலனிகளில் மறைக்கத் தக்கவற்றைத் தொடவே ஐரோப்பிய வம்சாவளி பிரிட்டிஷ் பிரஜையாக இருக்க வேண்டும். எரித்த பிறகு சாம்பலைக் கிளறி உடைக்க வேண்டும். எரிக்க வசதியில்லை என்றால் பெட்டியில் எடை கட்டி, கரையிலிருந்து எவ்வளவு தூரம் முடியுமோ அவ்வளவு தூரத்தில், நீரோட்டம் இல்லாத ஆழமான கடலில் இறக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேல், அழித்ததற்குச் சான்றிதழ் எழுதி அனுப்ப வேண்டும்.

இந்தச் சான்றிதழ் விஷயம் எனக்கு ரொம்பப் பழக்கமானது. நான் பொறியாளன். எங்கள் வேலையிலும் பழைய ஹார்ட் டிஸ்க்கை அழித்தால் ஒரு சான்றிதழ் வரும், அதைக் கோப்பில் வைப்போம். தரவு போய்விடும், தரவு இருந்தது என்பதற்கான தாள் நின்றுவிடும். ஒரு நல்ல நிர்வாகத்தால் அதன் குற்றத்தைக்கூட ஒழுங்கில்லாமல் மறைக்க முடிவதில்லை. இப்போது வரலாற்று ஆய்வாளர்கள் கையில் கொஞ்சம் பிடி கிடைத்திருப்பதே அதனால்தான்.

எரிக்காத பங்கு லண்டனுக்குப் போனது. பக்கிங்ஹாம்ஷயரில் ஹான்ஸ்லோப் பார்க் என்ற இடத்தில், 37 காலனிகளிலிருந்து வந்த ஏறத்தாழ 8,800 கோப்புகள் அரை நூற்றாண்டு உட்கார்ந்திருந்தன. 'அப்படி எதுவும் இல்லை' என்றே அரசு சொல்லிவந்தது. 2011-இல் அதை உடைத்தவர்கள் கென்யக் கிழவர்களும் கிழவிகளும். மௌ மௌ கிளர்ச்சிக் காலத்தில் முகாம்களில் சித்திரவதைக்கு உள்ளானவர்கள் லண்டன் நீதிமன்றத்தில் வழக்குப் போட, வரலாற்றாசிரியர்கள் அவர்கள் பக்கம் நின்று 'இந்தக் கோப்புகள் எங்கே?' என்று கேட்க, வேறு வழியில்லாமல் ஹான்ஸ்லோப் பார்க் வெளியே வந்தது. 2013 ஜூனில் 5,228 பேருக்கு மொத்தம் 1.99 கோடி பவுண்டு இழப்பீடு. கணக்குப் போட்டுப் பார்த்தால் ஆளுக்கு நான்காயிரம் பவுண்டுகூடத் தேறவில்லை. அது கிடக்கட்டும்.

கென்யாவைப் பற்றி நான்கைந்து புத்தகம் வாசித்து முடித்த பிறகுதான் எனக்கு நம்ம பக்கம் திரும்பத் தோன்றியது. தூரத்து ஊரின் கொடுமையை வாசிப்பதில் ஒரு வசதி இருக்கிறது. கோபம் வரும், தூக்கம் கெடாது. மலாயா அப்படி இல்லை. எங்கள் அப்பாயி யாருடைய வயதையாவது சொல்லும்போது 'அவ அவசரகாலத்துல பொறந்தவ' என்பார். புயல், வெள்ளம் மாதிரி, அவருக்கு அது ஒரு காலக்குறி. பள்ளிக்கூடத்தில் அந்தக் காலம் எனக்கு 'கம்யூனிஸ்ட் அச்சுறுத்தல்' என்ற தலைப்பில் வந்தது. ஒன்று வீட்டு வார்த்தை, இன்னொன்று பரீட்சை வார்த்தை. இரண்டும் ஒரே வருஷங்களைச் சொல்கின்றன என்பது எனக்கு ஒட்டவே இல்லை.

அவசரகாலத்துக்கு முன்னால் 1941-இல் கிள்ளான் வேலைநிறுத்தம் இருக்கிறது. அங்கிருந்து தொடங்கினால்தான் பிறகு நடப்பது புரியும். 'தமிழ் நேசன்' பத்திரிகையில் வேலை பார்த்த ஆர். எச். நாதன் கிள்ளான் வட்டார இந்தியர் சங்கத்தைக் கட்டினார். ரப்பர் விலை போருக்காக ஏறிக்கொண்டிருந்தது. பால்மரம் வெட்டியவருக்குக் கூலி ஒரு நாளைக்குச் சுமார் 50 காசு. தொழிலாளர் வைத்த கோரிக்கைப் பட்டியலை ஆங்கிலத்தில் வாசித்துவிட்டு நான் கொஞ்ச நேரம் அடுத்த பக்கத்துக்குப் போகவில்லை. சீனத் தொழிலாளிக்குச் சமமான கூலி, பிள்ளைகளுக்கு ஒழுங்கான பள்ளிக்கூடம், மருத்துவ வசதி, கள்ளுக்கடையை மூடுவது, இதெல்லாம் எதிர்பார்த்தவை. கூடவே இன்னும் சில. துரைமாரும் கிராணிமாரும் பெண்களிடம் தகாத முறையில் நடப்பது நிற்க வேண்டும். உறவினர் தோட்டத்துக்குள் வந்து பார்த்துவிட்டுப் போக அனுமதி வேண்டும். துரையையோ கிராணியையோ எதிரில் கண்டால் சைக்கிளிலிருந்து இறங்கி நிற்க வேண்டிய கட்டாயம் போக வேண்டும்.

சைக்கிள். ரொம்ப நாள் சேர்த்து வைத்து வாங்கியிருப்பான். துரை வந்தால் இறங்கித் தள்ளிக்கொண்டு நிற்க வேண்டும். அரசு வன்முறை என்றதும் துப்பாக்கியும் தூக்குக்கயிறும்தான் நினைவுக்கு வருகின்றன. துப்பாக்கி வருவதற்கு வெகு நாள் முன்பே சைக்கிளிலிருந்து இறக்குவது நடந்துகொண்டிருக்கிறது. அதைக் கேள்வி கேட்டபோதுதான் துப்பாக்கி வந்தது. மே 6-ஆம் தேதி நாதனைக் கைது செய்தார்கள், பிறகு நாடு கடத்தினார்கள். அவரை விடச்சொல்லித் தொழிலாளர் திரண்டபோது சிலாங்கூரில் அவசரநிலை அறிவித்து இந்திய சிப்பாய்களை இறக்கினார்கள். குறைந்தது ஐந்து தொழிலாளர் சுட்டுக் கொல்லப்பட்டனர். அதாவது 1948-க்கு ஏழு வருஷம் முன்னாலேயே, கம்யூனிஸ்ட் கிளர்ச்சி எதுவும் இல்லாமலேயே, கூலி உயர்வு கேட்டதற்காக இந்த நாட்டில் ஒரு அவசரநிலை வந்து போயிருக்கிறது. பாடப்புத்தகத்தில் 'அவசரநிலை' என்ற சொல் கம்யூனிஸ்டோடு ஒட்டிப் பிறந்ததுபோல இருக்கும். அது அப்படி இல்லை.

ஏழு மாதத்தில் ஜப்பான்காரன் வந்தான். தோட்டத் தமிழர்களை சயாம் ரயில்பாதைக்குக் கொண்டுபோனதும், இந்திய தேசிய ராணுவத்தில் தோட்டத்துப் பிள்ளைகள் சேர்ந்ததும் தமிழில் ஓரளவு எழுதப்பட்டவை. அ. ரெங்கசாமியின் நாவல்களை வாசித்தவர்களுக்கு நான் புதிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. 1942 பிப்ரவரி 17-ஆம் தேதி சரணடைந்த இந்தியச் சிப்பாய்கள் பல்லாயிரம் பேரை பிரிட்டிஷ்காரர்கள் ஜப்பானியரிடம் ஒப்படைத்த இடம் ஃபேரர் பார்க். தேக்காவில் ஞாயிற்றுக்கிழமை சாப்பிட்டுவிட்டு நடந்தே போகலாம். அங்கிருந்து அவர்களை அனுப்பிய முகாம்களில் ஒன்று நீசூன். இன்றைய ஈசூனின் பழைய பெயர் அது.

அந்த ராணுவத்தில் இருந்தவர்களில் ஒருவர் எஸ். ஏ. கணபதி.

தஞ்சை மாவட்டம் தம்பிக்கோட்டையில் பிறந்து, சிறுவயதிலேயே சிங்கப்பூர் வந்தவர். போர் முடிந்ததும் தொழிற்சங்க வேலைக்குப் போனார். 1947 வாக்கில் பான்-மலாயன் தொழிற்சங்கச் சம்மேளனத்தில் இரண்டரை லட்சத்துக்கும் மேற்பட்ட உறுப்பினர்கள் இருந்தார்கள். மலாயாவின் சங்கங்களில் மிகப்பெரும்பான்மை அதில் இணைந்திருந்தன. சீனர், இந்தியர், மலாய்க்காரர் எல்லாரும் இருந்த அமைப்புக்கு ஒரு தமிழர் தலைவர். இது இன்றைக்கும் நடக்காத காரியம் என்று எனக்குத் தோன்றுகிறது. கம்யூனிஸ்ட் கட்சியின் பிடி அதில் இருந்ததா என்றால், இருந்தது. மைக்கேல் ஸ்டென்சன் போன்றவர்கள் அதை மறைக்காமல் எழுதியிருக்கிறார்கள். ஆனால் தோட்டத்தில் கூலி கேட்டு வேலையை நிறுத்தியவர்களைப் பார்த்து 'மாஸ்கோ சொல்லி நிறுத்தினான்' என்று சொல்வது, 1941-ஐ மறந்துவிட்டுப் பேசுவது.

1948 ஜூனில் மூன்று விஷயங்கள் அடுத்தடுத்து நடந்தன. முதலில் தொழிற்சங்கச் சட்டத்தைத் திருத்தினார்கள். சங்கப் பொறுப்பாளருக்கு அந்தத் தொழிலில் மூன்று வருஷ அனுபவம் வேண்டும், பல தொழில்களைச் சேர்த்த கூட்டமைப்பு கூடாது. அந்த இரண்டு வரியில் சம்மேளனம் சட்டவிரோதம் ஆனது. 16-ஆம் தேதி சுங்கை சிப்புட் பக்கம் மூன்று ஐரோப்பியத் தோட்ட நிர்வாகிகள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். 18-ஆம் தேதி மலாயா முழுக்க அவசரநிலை, அடுத்த வாரம் சிங்கப்பூரிலும். வழக்கமாக நமக்கு இரண்டாவதையும் மூன்றாவதையும் மட்டும்தான் சொல்வார்கள். முதலாவது ஏதோ நிர்வாகச் செய்தி போல ஓரமாக நின்றுவிடும். கொலைக்கு முன்பே சங்கத்தின் கழுத்தில் கை வைத்தாயிற்று என்பதை வரிசையாகத் தேதி எழுதிப் பார்த்தால்தான் தெரிகிறது.

பன்னிரண்டு வருஷம் நடந்த போரை ஏன் 'அவசரநிலை' என்று சொன்னார்கள்? பரவலாகச் சொல்லப்படும் காரணம் காப்புறுதி. போர் என்று அறிவித்தால் தோட்டங்களுக்கும் ஈயச் சுரங்கங்களுக்கும் லண்டன் காப்புறுதிக்காரர்கள் இழப்பீடு தர மாட்டார்கள். எதிரிக்கு வைத்த பெயரும் அப்படித்தான். 1952 வரை அரசுக் காகிதங்களிலும் பத்திரிகைகளிலும் அவர்கள் 'பாண்டிட்'. கொள்ளைக்காரர். நேற்றுவரை ஜப்பானியருக்கு எதிராக பிரிட்டிஷ் ஆயுதம் வாங்கிச் சண்டை போட்டவர்கள், லண்டனில் வெற்றி ஊர்வலத்துக்கு அழைத்துப் பதக்கம் தந்தவர்கள், இன்று கொள்ளைக்காரர்கள். 1952-இல் 'கம்யூனிஸ்ட் பயங்கரவாதிகள்' என்று உத்தரவு போட்டு மாற்றினார்கள். பழைய ஆங்கிலப் பத்திரிகைகளை வாசிக்கிறவர்கள் இந்தத் தேதியை மனதில் வைத்துக்கொண்டால், எந்தச் செய்தி நிருபருடையது, எந்தச் செய்தி ராணுவ அறிக்கையை அப்படியே இறக்கியது என்று ஓரளவு மணம் பிடித்துவிடலாம்.

அவசரகால விதிகளின்படி, அனுமதியில்லாமல் துப்பாக்கி வைத்திருந்தால் மரண தண்டனை. சுட்டிருக்க வேண்டியதில்லை, யாரையும் மிரட்டியிருக்க வேண்டியதில்லை. நீதிபதிக்கு வேறு தண்டனை கொடுக்கும் வாய்ப்பும் இல்லை. 1949 மார்ச் தொடக்கத்தில் ரவாங் பக்கம் வாட்டர்ஃபால் தோட்டத்தில் கணபதியைப் பிடித்தார்கள். ஒரு ரிவால்வர், ஆறு தோட்டா. அதைக் கண்டெடுத்து போலீசில் ஒப்படைக்கக் கொண்டுபோனதாக அவர் சொன்னார் என்று பின்னாளைய குறிப்புகள் சொல்கின்றன. நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. உண்மையைச் சொன்னால், எனக்கும் அதை நம்புவது கஷ்டமாக இருக்கிறது. அவர் தலைமறைவாக இருந்த கம்யூனிஸ்ட். தோழர்கள் காட்டுக்குள் போயாயிற்று. துப்பாக்கி அவருடையதாகவே இருந்திருக்கலாம். அவரைப் புனிதராக்கிக் காட்ட வேண்டிய தேவை எனக்கில்லை. அந்தப் பன்னிரண்டு வருஷத்தில் கொல்லப்பட்ட பொதுமக்கள் இரண்டாயிரத்துக்கும் மேல். அவர்களில் தோட்டத் தொழிலாளரும் கங்காணிகளும் உண்டு, கெரில்லாக்கள் கையால் செத்தவர்கள் அதில் ஏராளம். அதையும் சேர்த்தேதான் வாசிக்க வேண்டும்.

ஆனால் அவர்மேல் யாரையும் சுட்டதாக வழக்கு இல்லை. கையில் வைத்திருந்ததுதான் வழக்கு. மார்ச் 15-ஆம் தேதி தூக்குத்தண்டனை விதித்தார்கள். மேல்முறையீடு தள்ளுபடி. இந்திய அரசு தலையிட்டது. மலாயாவில் இந்தியப் பிரதிநிதியாக இருந்த ஜான் திவி இங்கே பேசினார், லண்டனில் கிருஷ்ண மேனன் பேசினார். மன்னிக்கும் அதிகாரம் எங்களிடம் இல்லை, சிலாங்கூர் சுல்தானிடம் இருக்கிறது என்று லண்டன் கையை விரித்தது. நாட்டையே நடத்துகிறவர்களுக்கு ஒரு உயிர் விஷயத்தில் மட்டும் சுல்தானின் அதிகாரம் நினைவுக்கு வந்தது.

இன்னொரு தேதியையும் இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1949 ஏப்ரல் கடைசி வாரம், லண்டனில் காமன்வெல்த் பிரதமர்கள் மாநாடு. குடியரசான பிறகும் காமன்வெல்த்தில் இருக்கிறோம் என்று நேரு ஒப்புக்கொண்டார். எல்லாருக்கும் சந்தோஷம், புகைப்படம். அடுத்த வாரம், மே 4-ஆம் தேதி காலை, கோலாலம்பூர் புடு சிறையில் கணபதியைத் தூக்கிலிட்டார்கள். அதற்கு முதல் நாள்தான் சம்மேளனத்தின் இன்னொரு தலைவர் வீரசேனன் நெகிரி செம்பிலானில் ராணுவத்தால் சுட்டுக் கொல்லப்பட்டிருந்தார். அவருக்கு வழக்கு, நீதிபதி எதுவும் தேவைப்படவில்லை.

கணபதி வழக்கைத் தேடும்போது எனக்கு இன்னொரு பெயர் கிடைத்தது. சாம்பசிவம். ஜொகூரில் 1948 செப்டம்பரில் பிடிபட்டவர், இவரும் தமிழர், இவர்மேலும் ஒரு ரிவால்வர், பத்துத் தோட்டா. தோட்டா வைத்திருந்த குற்றத்திலிருந்து முதல் விசாரணையில் விடுதலை. ரிவால்வர் குற்றத்துக்கு மறுவிசாரணை நடத்தி மரண தண்டனை கொடுத்தார்கள். மறுவிசாரணையில் அவர் கொடுத்ததாகச் சொல்லப்பட்ட ஒரு வாக்குமூலத்தை அரசுத் தரப்பு நீட்டியது. அதில் ரிவால்வரையும் ஒப்புக்கொள்கிறார், தோட்டாவையும் ஒப்புக்கொள்கிறார். வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. 1950-இல் மெக்டெர்மட் பிரபு சொன்ன தீர்ப்பின் சாரம் இதுதான்: தோட்டா விஷயத்தில் ஒருவன் விடுதலையானால் அவன் நிரபராதி, அரசு அதை உண்மையாகவே எடுத்துக்கொள்ள வேண்டும், அதே தோட்டாவை ஒப்புக்கொண்டான் என்ற காகிதத்தை வேறு கதவு வழியாக உள்ளே கொண்டுவர முடியாது. தண்டனை ரத்தானது.

இந்தத் தீர்ப்பை சட்டம் படிக்கும் நண்பனிடம் சொன்னேன். 'டேய், சாம்பசிவம் வழக்கா? அது எங்களுக்குப் பாடம்டா' என்றான். ஒருமுறை விடுதலையானவனை அதே விஷயத்துக்காக மறுபடி துரத்தக்கூடாது என்பதற்கு உலகம் முழுக்க நீதிமன்றங்கள் எடுத்துச்சொல்லும் வழக்கு. இந்திய உச்ச நீதிமன்றம் 1956-இல் பிரீத்தம் சிங் வழக்கில் இதை எடுத்தாண்டது. அவனுக்குத் தீர்ப்பு மனப்பாடம். சாம்பசிவம் யார், எந்தக் காலத்தில் எதற்காகப் பிடிபட்டார் என்பது தெரியாது. எனக்கு நேர்மாறாக இருந்தது. ஒரே நாடு, ஒரே விதி, ஒரே மாதிரி ரிவால்வர். ஒருவரைப் பிடித்து இரண்டே மாதத்தில் தொங்கவிட்டார்கள். இன்னொருவர் பிழைத்து சட்டப் புத்தகத்தில் நுழைந்துவிட்டார்.

பிரிட்டிஷ் ஆட்சியை 'சட்டத்தின் ஆட்சி' என்று இன்றைக்கும் நம்ம பெரியவர்கள் சிலர் சொல்வதுண்டு. 'வெள்ளைக்காரன் காலத்துல ஒரு நியாயம் இருந்துச்சு.' சாம்பசிவத்தைக் காட்டினால் அவர்கள் சொல்வது சரி, கணபதியைக் காட்டினால் தப்பு என்று முடித்துவிடலாமா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. கரோலைன் எல்கின்ஸ் 2022-இல் எழுதிய பெரிய புத்தகத்தில் இதற்கு ஒரு சொற்றொடர் வைத்திருக்கிறார். தமிழில் சொன்னால், சட்டபூர்வமாக்கப்பட்ட சட்டமின்மை. காலனி அரசு சட்டத்தை மீறி வன்முறை செய்வதில்லை, வன்முறைக்கு ஏற்றபடி சட்டத்தை எழுதிக்கொள்கிறது. கணபதியைக் கொன்றதில் ஒரு விதிகூட மீறப்படவில்லை. எல்லா முத்திரையும் சரியான இடத்தில் இருக்கிறது. எல்கின்ஸ் சில இடங்களில் எல்லாக் காலனிகளையும் ஒரே அச்சில் வார்த்துவிடுகிறார் என்ற குறை எனக்கு உண்டு, இருந்தாலும் இந்த ஒரு சொற்றொடருக்காக அந்த எண்ணூறு சொச்சம் பக்கத்தையும் சுமக்கலாம்.

இதற்குப் பச்சையான உதாரணம் பத்தாங் காலி. 1948 டிசம்பர் 11, 12. சிலாங்கூரில் ஒரு ரப்பர் தோட்டத்துக் குடியிருப்புக்குள் ஸ்காட்ஸ் கார்ட்ஸ் படைப்பிரிவு நுழைந்தது. ஆண்களைத் தனியாகப் பிரித்து இரவெல்லாம் அடைத்து வைத்தார்கள். பெண்களையும் குழந்தைகளையும் காலையில் லாரியில் ஏற்றினார்கள். 24 சீனத் தொழிலாளிகளைச் சுட்டுக் கொன்றார்கள், குடிசைகளை எரித்தார்கள். யாரிடமும் ஆயுதம் இல்லை. 'தப்பியோட முயன்றபோது சுடப்பட்டார்கள்' என்பது அரசின் விளக்கம். சரி, தப்பியோடுகிறவனைக் கொல்ல அன்றைக்கு விதியில் இடம் இருந்ததா? அடுத்த மாதம், 1949 ஜனவரியில், தப்பியோடுவதைத் தடுக்க உயிர்க்கொல்லி ஆயுதம் பயன்படுத்தலாம் என்று ஒரு புது விதியைச் சேர்த்தார்கள். கொலை டிசம்பரில், விதி ஜனவரியில்.

1970-இல் அந்தப் படையில் இருந்த சிலர் லண்டன் பத்திரிகை ஒன்றிடம் 'அவங்க ஓடல, நாங்கதான் சுட்டோம்' என்று மனம் திறந்தார்கள். விசாரணை தொடங்கியது, ஆட்சி மாறியது, விசாரணை நின்றது. கொல்லப்பட்டவர்களின் பிள்ளைகள் லண்டன் உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். 2015 நவம்பரில் வந்த தீர்ப்பு: நடந்ததாகச் சொல்லப்படுவது சட்டவிரோதக் கொலையாக இருக்கலாம், ஆனால் காலம் கடந்துவிட்டது, விசாரணை நடத்தும்படி அரசைக் கட்டாயப்படுத்த முடியாது. ஐந்து நீதிபதிகளில் ஹேல் சீமாட்டி மட்டும் மாறுபட்டார்.

இத்தோடு நிறுத்தினால் கதை வசதியாக முடிந்துவிடும். வெள்ளைக்காரன் கெட்டவன், நாம் பாதிக்கப்பட்டவர்கள். 1950-ஐப் புரட்டினால் அந்த வசதி போய்விடுகிறது. கணபதிக்காக மன்னிப்புக் கேட்ட அதே சுதந்திர இந்தியாவில், 1950 பிப்ரவரி 11-ஆம் தேதி சேலம் சிறையில் கம்யூனிஸ்ட் கைதிகள்மேல் துப்பாக்கிச் சூடு நடத்தி 22 பேரைக் கொன்றார்கள். கணபதியின் தஞ்சைப் பக்கத்திலேயே வாட்டாக்குடி இரணியன் இருந்தார். அவரும் சிங்கப்பூர் வந்து பிழைத்தவர், இந்திய தேசிய ராணுவத்தில் இருந்தவர், இங்கே தொழிற்சங்க வேலை பார்த்தவர். ஊர் திரும்பி, பண்ணைகளில் சாட்டையடியும் சாணிப்பாலும் வாங்கிக்கொண்டிருந்த விவசாயக் கூலிகளைத் திரட்டினார். 1950 மே மாதம் சென்னை மாகாணப் போலீஸ் அவரைச் சுட்டுக் கொன்றது. முரளி நடித்த 'இரணியன்' படத்தைப் பார்த்தவர்களுக்குப் பெயர் தெரிந்திருக்கும். கணபதி செத்து ஒரு வருஷம்கூட முழுசாக முடிந்து ஓரிரு நாள்தான் ஆகியிருந்தது. ஒருவர் ஊர் திரும்பவில்லை, இன்னொருவர் திரும்பினார். இரண்டு பேருக்கும் அரசு வைத்திருந்தது ஒன்றுதான். துப்பாக்கி பிடித்த கையின் நிறம் மாறியிருந்தது.

சிங்கப்பூரைப் பற்றிச் சொல்லாமல் போனால் இந்தக் கட்டுரை கோழைத்தனமாகிவிடும். அவசரகால விதிகளில் விசாரணையின்றித் தடுத்துவைக்கும் பகுதி இங்கே 1955-இல் பொதுப் பாதுகாப்புச் சட்டமாக மறுபிறவி எடுத்தது. மலாயாவில் அவசரநிலை 1960 ஜூலை 31 அன்று முடிந்தது. அடுத்த நாள், ஆகஸ்ட் 1, உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டம் அமலுக்கு வந்தது. அந்தச் சட்டம் 1963-இல் இங்கேயும் வந்து, இன்றுவரை இருக்கிறது. சியா தை போ என்ற நாடாளுமன்ற உறுப்பினர் 1966-இல் கைதாகி, விசாரணை எதுவும் இல்லாமல் 1989 வரை உள்ளே இருந்தார். பிறகு செந்தோசாவில் கட்டுப்பாடுகளோடு, 1998-இல்தான் முழுதாக வெளியே. சுதந்திரம் வந்தபோது கொடி மாறியது, பாட்டு மாறியது. அந்தச் சட்டத்தின் பத்திகளை மட்டும் யாரும் லாரியில் ஏற்றவில்லை.

2013 டிசம்பர் 8 இரவு தேக்காவில் நடந்ததையும் நான் இப்போது வேறு மாதிரி நினைத்துப் பார்க்கிறேன். ரேஸ் கோர்ஸ் சாலையில் ஒரு தமிழகத் தொழிலாளி பேருந்தில் அடிபட்டு இறந்து, கலவரமானது. அன்று இரவு போலீஸ் ஒரு குண்டுகூடச் சுடவில்லை. இதை நான் சின்ன விஷயமாக நினைக்கவில்லை. கிள்ளானையும் பத்தாங் காலியையும் வாசித்தவனுக்கு அது பெரிய விஷயம். ஒரு விசாரணைக் குழு அமைத்தார்கள், சாட்சியங்கள் பொதுவில் கேட்கப்பட்டன, அதுவும் சேர்த்தே சொல்ல வேண்டும். ஆனால் 57 பேரை நீதிமன்றத்துக்குக் கொண்டுபோகாமல் ஊருக்குத் திருப்பி அனுப்பினார்கள். நாதனை அனுப்பினார்களே, அந்த வழி. வேலைக்கு வந்தவனைத் தண்டிக்க சிறை தேவையில்லை, கப்பலோ விமானமோ போதும் என்று கண்டுபிடித்தது காலனி அரசு. தோட்டத்தில் வாய் திறந்தவனுக்கு அன்று நாடு கடத்தல்தான் பெரிய பயம். இன்று ஈசூன் பக்கத்து விடுதிகளில் இருக்கிற தம்பிகளுக்கும் அதே பயம்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை கோப்பிக்கடையில் பேச்சு வந்தபோது ஒருவர் என்னிடம், 'அண்ணே, ஜெயில்னா மூணு மாசத்துல வெளிய வந்துரலாம். ஊருக்கு அனுப்பிட்டா கடனை யாரு கட்டுறது?' என்றார்.

எரியாமல் தப்பிய கோப்புகள் இப்போது லண்டன் கியூவில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் எஃப்சிஓ 141 என்ற வரிசையில் இருக்கின்றன. மலாயாவும் இருக்கிறது, சிங்கப்பூரும் இருக்கிறது. பட்டியலை இணையத்தில் பார்க்கலாம், கோப்பைப் பார்க்க நேரில் போக வேண்டும். 2022-இல் பழைய பூச்சிமருந்து படிந்திருக்கக்கூடும் என்று சொல்லி இந்த வரிசையை வாசகர்களுக்குக் கொடுப்பதை நிறுத்தினார்கள். ஆய்வாளர்கள் சத்தம் போட்டார்கள். பூச்சிமருந்து உண்மைதான், அதில் சதி இருக்கிறது என்று நான் சொல்லவில்லை. கரையானிடமிருந்து காப்பாற்றத் தெளித்த மருந்து வாசகனைத் தள்ளிவைத்துவிட்டது.

லண்டன் போகிற வசதி எனக்கு இப்போதைக்கு இல்லை. சனிக்கிழமைகளில் விக்டோரியா ஸ்ட்ரீட் தேசிய நூலகத்தின் பதினோராவது மாடிக்குப் போகிறேன். ஆங்கிலப் பத்திரிகை என்றால் இணையத்தில் ஒரு சொல்லைத் தட்டினால் போதும், கொட்டும். பழைய தமிழ்ப் பத்திரிகைகளுக்கு அந்தத் தேடல் எனக்குக் கைகொடுக்கவில்லை. ஒவ்வொரு பக்கமாக நகர்த்தி, கண்ணால்தான் தேட வேண்டியிருக்கிறது. மங்கிய எழுத்து, நடுவே சினிமா விளம்பரம், கப்பல் புறப்படும் தேதி, நாகப்பட்டினத்துக்கு எத்தனை மணிக்கு. போன வாரம் 1949 ஜனவரி வரை வந்தேன். கணபதி பிடிபட இன்னும் இரண்டு மாதம் இருக்கிறது.